நிலம் கேட்கும் அரசும் நீதி கேட்கும் மக்களும்



சில மாதங்களுக்கு முன் ஒரு ஞாயிறு திருப்பலி முடிந்து மக்கள் கலைந்துகொண்டிருந்தபோது, விவசாயி ஒருவர் நம்மிடம் வந்து சட்டைப் பையிலிருந்து நான்காக மடித்த தாள் ஒன்றை எடுத்து நீட்டினார். எரிவாயுக் குழாய் பதிப்பதற்கான அரசிதழ் அறிவிக்கையின் நகல் அது. அவருடைய தோட்டத்தின் சர்வே எண்ணும், குழாய்க்காகக் குறிக்கப்பட்ட பரப்பளவும் அதில் இருந்தன. தாள் முழுவதும் ஆங்கிலம். ஆட்சேபம் இருந்தால் 21 நாள்களுக்குள் எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டும் என்று கடைசிப் பத்தி சொன்னது. தேதியைப் பார்த்தோம். பதினான்கு நாள்கள் ஏற்கெனவே போய்விட்டன.

"ஃபாதர், கேஸ் போட்டா ஜெயிக்குமா?" என்று கேட்டார்.

அந்தக் கேள்விக்கு அன்று நம்மால் உடனே பதில் சொல்ல இயலவில்லை. எரிவாயுக் குழாய், உயர் மின்னழுத்தக் கோபுரம், நெடுஞ்சாலை, இரயில் பாதை என்று ஏதோ ஒன்றுக்காக நிலம் எடுக்கப்படாத மாவட்டம் இன்று தமிழகத்தில் இல்லை. அவை வேண்டாம் என்று யாரும் சொல்வதில்லை. ஆனால் அவை யாருடைய நிலத்தின் வழியாகப் போகின்றன, அந்த மனிதரிடம் யார் பேசினார்கள், அவர் நீதிமன்றத்தின் கதவைத் தட்டினால் அங்கே என்ன கிடைக்கிறது என்பதை நாம் நின்று சிந்திப்பதில்லை. அந்த விவசாயியின் கேள்வியோடு சேர்ந்து இன்று அதைச் சிந்திப்போம்.

எடுக்கப்படுவது என்ன?

நிலம் எடுப்பு என்றாலே 2013-ஆம் ஆண்டின் நிலம் கையகப்படுத்தல் சட்டம்தான் நம் நினைவுக்கு வரும். 1894-ஆம் ஆண்டின் ஆங்கிலேயர் காலச் சட்டத்திற்கு மாற்றாக வந்து, 2014 ஜனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்த சட்டம் அது. சமூகத் தாக்க ஆய்வு, கூடுதல் இழப்பீடு, மறுவாழ்வு, நிலமற்ற கூலித் தொழிலாளரையும் பாதிக்கப்பட்ட குடும்பமாகக் கருதுவது எனப் பல நல்ல அம்சங்கள் அதில் உண்டு. ஆனால் அதே சட்டத்தின் நான்காம் அட்டவணை 13 மத்தியச் சட்டங்களுக்கு விலக்கு அளித்தது. தேசிய நெடுஞ்சாலைச் சட்டம், இரயில்வே சட்டம், மின்சாரச் சட்டம், பெட்ரோலியக் குழாய்ச் சட்டம் ஆகியவை அந்தப் பட்டியலில் உள்ளன. அதாவது, பொதுப் பயன்பாட்டுத் திட்டங்களில் பெரும்பகுதி எந்தச் சட்டங்களின் கீழ் வருகிறதோ, அந்தச் சட்டங்களே வெளியே நிற்கின்றன. இவற்றுக்கும் புதிய சட்டத்தின் இழப்பீடும் மறுவாழ்வும் பொருந்தும் என்று 2015-இல் மத்திய அரசு ஆணையிட்டது. ஆனால் சமூகத் தாக்க ஆய்வு அந்த ஆணையில் சேர்க்கப்படவில்லை.

குழாய் விஷயத்தில் இன்னொரு சிக்கலும் உண்டு. 1962-ஆம் ஆண்டின் பெட்ரோலியக் குழாய்ச் சட்டப்படி அரசு நிலத்தை எடுப்பதில்லை. நிலத்தைப் பயன்படுத்தும் உரிமையை மட்டும் எடுக்கிறது. பட்டா விவசாயியின் பெயரிலேயே இருக்கும். பயிர் செய்யலாம். ஆனால் குழாய்க்காகக் குறிக்கப்பட்ட பட்டையில் வீடு கட்டக் கூடாது, கிணறு வெட்டக் கூடாது, மரம் நடக் கூடாது. இதற்காகத் தரப்படுவது, பயிருக்கும் மரத்திற்கும் நேர்ந்த சேதத்திற்கான ஈட்டுத்தொகையும், அந்தப் பட்டையின் சந்தை மதிப்பில் பத்து விழுக்காடும்தான்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒருவருக்கு மூன்று ஏக்கர் தோட்டம் ஏறக்குறைய சதுரமாக இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். அதன் நடுவே 20 மீட்டர், அதாவது 66 அடி அகலத்தில் ஒரு பட்டை போனால், அரை ஏக்கருக்கும் அதிகமான இடம் அதில் அடங்கிவிடும். அந்த இடத்தில் தென்னை நிற்க முடியாது. ஏக்கர் 30 இலட்சம் என்று வைத்தால், அரை ஏக்கருக்குச் சட்டம் தரும் பத்து விழுக்காடு ஒன்றரை இலட்சம். ஆனால் இரண்டாகப் பிளந்த தோட்டத்தை வாங்க வருபவர் முழுத் தோட்டத்திற்குமே விலையைக் குறைத்துத்தான் கேட்பார். மகள் திருமணத்திற்கு அந்த நிலத்தை நம்பியிருந்த தகப்பனுக்கு, பட்டா தன் பெயரில் இருக்கிறது என்பதில் என்ன ஆறுதல் இருக்க முடியும்?

கொங்கு மண்டலம் கற்றுத்தந்த பாடம்

இந்தச் சட்டம் நீதிமன்றத்தில் எப்படி உரசிப் பார்க்கப்பட்டது என்பதற்கு நம் மேற்கு மாவட்டங்களே சாட்சி. கொச்சியிலிருந்து கூட்டநாடு வழியாக ஒரு கிளை மங்களூருக்கும் இன்னொரு கிளை பெங்களூருக்கும் போகும் கெயில் நிறுவனத்தின் எரிவாயுக் குழாய், தமிழகத்தில் கோவை, திருப்பூர், ஈரோடு, நாமக்கல், சேலம், தருமபுரி, கிருஷ்ணகிரி ஆகிய ஏழு மாவட்டங்களில் சுமார் 310 கிலோமீட்டர் தூரம் செல்வதாகத் திட்டமிடப்பட்டது. பெரும்பகுதி விளைநிலம். விவசாயிகள் எதிர்த்தார்கள். 2013 மார்ச்சில் தமிழக அரசு கோவையில் ஏழு மாவட்ட விவசாயிகளின் கருத்தைக் கேட்டது. அதன் பின்னர் முதலமைச்சர் ஜெயலலிதா, குழாயை விளைநிலங்களைத் தவிர்த்து நெடுஞ்சாலை ஓரமாகக் கொண்டுசெல்ல வேண்டும் என்று சட்டமன்றத்தில் அறிவித்தார்.

நிறுவனம் உயர்நீதிமன்றத்திற்குப் போனது. 2013 நவம்பரில் சென்னை உயர்நீதிமன்றம் மாநில அரசின் ஆணையை இரத்து செய்தது. மத்தியச் சட்டத்தின் கீழ் வரும் திட்டத்தின் வழித்தடத்தை மாற்றச் சொல்ல மாநில அரசுக்கு அதிகாரம் இல்லை என்பது அதன் சாரம். தமிழக அரசு மேல்முறையீடு செய்தது. 2016 பிப்ரவரி 2 அன்று உச்சநீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது.

இந்த வழக்கில் நாம் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. விவசாயிகளின் குரல் ஒருமுறை கேட்கப்பட்டது. ஆனால் சட்டப்படி கேட்க வேண்டியவர் முன்னிலையில், கேட்க வேண்டிய காலத்தில், அந்தக் குரல் எடையோடு வைக்கப்படவில்லை. வழித்தடம் வரைபடத்தில் முடிவாகி, அறிவிக்கை வெளியாகி, குழாய்கள் வந்து இறங்கிய பிறகுதான் பேச்சே தொடங்கியது. அதற்குள் நீதிமன்றத்தின் முன் இருந்த கேள்வி மாறிவிட்டது. "இந்த விவசாயிக்கு நீதி கிடைத்ததா?" என்ற கேள்வி போய், "மத்திய அரசுக்கு அதிகாரமா, மாநில அரசுக்கு அதிகாரமா?" என்ற கேள்வி வந்து நின்றது. இரண்டு யானைகளின் வழக்கில் நடுவே நின்ற புல்லைப் பற்றி யார் பேசுவார்கள்?

நீதிமன்றத்தின் பக்கமும் நியாயம் இல்லாமல் இல்லை. குழாயும் சாலையும் நீண்டு செல்பவை; ஒரு தோட்டத்தை விட்டு விலகினால் இன்னொரு தோட்டத்தில்தான் நுழையும். நெடுஞ்சாலை ஓரத்திலும் வீடுகளும் கடைகளும் மனிதர்களும் இருக்கிறார்கள். ஆனால் விவசாயிகளின் அச்சமும் வெறும் கற்பனையல்ல. 2014 ஜூன் 27 அன்று ஆந்திர மாநிலம் கிழக்கு கோதாவரி மாவட்டத்தின் நகரம் என்ற கிராமத்தில் எரிவாயுக் குழாய் வெடித்து 20-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். 2022 ஏப்ரலில், தருமபுரி மாவட்டத்தில் குழாய் பதிப்புக்கு எதிராக நடந்த போராட்டத்தின்போது விவசாயி ஒருவர் தம் உயிரையே மாய்த்துக்கொண்டார். தன்னிடம் யாரும் பேச மாட்டார்கள் என்று ஒரு மனிதர் முடிவுசெய்யும் நிலைக்கு நாம் அவரைத் தள்ளிவிட்டோமே என்ற வேதனை நம்மை விட்டு அகலக் கூடாது.

சென்னை - சேலம் எட்டு வழிச் சாலையின் கதையும் இதற்கு நெருக்கமானது. 277 கிலோமீட்டர், ஐந்து மாவட்டங்கள். 2019 ஏப்ரல் 8 அன்று சென்னை உயர்நீதிமன்றம் நிலமெடுப்பு அறிவிக்கைகளை இரத்து செய்தபோது சேலத்திலும் தருமபுரியிலும் மக்கள் இனிப்பு வழங்கிக் கொண்டாடினார்கள். 2020 டிசம்பர் 8 அன்று உச்சநீதிமன்றம் அந்த அறிவிக்கைகள் செல்லும் என்று தீர்ப்பளித்தது. நிலமெடுப்பு அறிவிக்கை வெளியிடுவதற்கு முன்பே சுற்றுச்சூழல் அனுமதி பெற்றிருக்க வேண்டிய கட்டாயம் இல்லை என்றது.

கதவு திறந்த இரண்டு வழக்குகள்

அப்படியானால் நீதிமன்றம் போவதே வீணா? அல்ல. இரண்டு வழக்குகளை இங்கே நினைவுகூர்வோம்.

முதலாவது, இமாச்சலப் பிரதேசத்தின் ஹமிர்பூர் மாவட்டத்தில் நடந்தது. 1967-68-இல் நாதௌன் - சுஜான்பூர் சாலை போடுவதற்காக ஒரு பெண்ணின் நிலம் எடுக்கப்பட்டது. அறிவிக்கை இல்லை, விசாரணை இல்லை, இழப்பீடும் இல்லை. எழுதப் படிக்கத் தெரியாத கைம்பெண் அவர். கேட்க வேண்டும் என்பதுகூட அவருக்குத் தெரியாது. அக்கம்பக்கத்தில் நிலம் இழந்த சிலர் வழக்குப் போட்டு வென்றதை அறிந்த பிறகே, 2010-இல் அவர் உயர்நீதிமன்றம் போனார். அங்கே மாநில அரசு வைத்த வாதம் நம்மைத் திகைக்க வைக்கிறது. இத்தனை ஆண்டுகள் நிலம் எங்கள் அனுபவத்தில் இருக்கிறது, எனவே அனுபவ பாத்தியதையால் அது எங்களுக்கே சொந்தம் என்றது அரசு! 2020 ஜனவரி 8 அன்று உச்சநீதிமன்றம் இதைக் கடுமையாக நிராகரித்தது. மக்கள் நல அரசு ஒன்று தன் குடிமக்களின் நிலத்தை இப்படிச் சொந்தம் கொண்டாட முடியாது என்றது. எட்டு வாரங்களுக்குள் இழப்பீடு வழங்க ஆணையிட்டது. அப்போது அந்த அம்மாவுக்கு எண்பது வயது. நிலம் போய் அரை நூற்றாண்டு கடந்திருந்தது.

நேர்மையற்ற நடுவரிடம் சலிக்காமல் போய் நின்ற கைம்பெண்ணைப் பற்றி நம் ஆண்டவர் சொன்ன உவமை (லூக் 18:1-8) நினைவுக்கு வருகிறதல்லவா? அந்த உவமையை நாம் செபத்தில் தளராமை பற்றியது என்று மட்டுமே மறையுரையில் சொல்லிப் பழகிவிட்டோம். ஆனால் அவர் கேட்டது நீதியை என்பதையும், அதற்காக நடையாய் நடக்க வேண்டியிருந்தது என்பதையும் மறந்துவிடக் கூடாது.

இரண்டாவது வழக்கு கொல்கத்தாவைச் சேர்ந்தது. பூங்கா அமைப்பதற்காகத் தனியார் இடம் ஒன்றை எடுத்துக்கொண்டதாகச் சொன்ன மாநகராட்சி, அதற்குக் காட்டிய சட்டப்பிரிவில் நிலத்தை எடுப்பதற்கான முறையே வகுக்கப்படவில்லை. 2024 மே 16 அன்று உச்சநீதிமன்றம் மாநகராட்சியின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. சொத்துரிமை 1978-இல் 44-ஆவது திருத்தத்தின் மூலம் அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டாலும், 300-ஏ பிரிவின் கீழ் அது இன்னும் அரசியலமைப்பு தரும் உரிமையே. அந்த உரிமைக்குள் ஏழு கூறுகள் அடங்கியிருப்பதாக நீதிபதிகள் விளக்கினார்கள். நிலத்தை எடுக்கப்போவதாக உரியவருக்கு அறிவிக்க வேண்டும். அவருடைய ஆட்சேபத்தைக் கேட்க வேண்டும். காரணம் காட்டி முடிவெடுக்க வேண்டும். பொது நோக்கத்திற்காக மட்டுமே எடுக்க வேண்டும். நியாயமான ஈடு தர வேண்டும். காலம் தாழ்த்தாமல் செயல்பட வேண்டும். தொடங்கியதை முறையாக முடிக்க வேண்டும்.

இந்த ஏழையும் சற்று உற்றுப் பாருங்கள். பணம் ஐந்தாவது இடத்தில்தான் வருகிறது. முதல் மூன்றும் மனிதரை மனிதராக மதிப்பது பற்றியவை: சொல்ல வேண்டும், கேட்க வேண்டும், பதில் தர வேண்டும். இந்த மூன்றும் நடக்காத இடத்தில் எவ்வளவு கொடுத்தாலும் அது நீதியாகாது என்பதே இதன் பொருள் என்று நாம் புரிந்துகொள்கிறோம்.

நாபோத்தும் அரவுனாவும்

நிலமெடுப்பு என்றவுடன் நம் மேடைகளில் நாபோத்தின் திராட்சைத் தோட்டம் (1 அர 21) தவறாமல் வந்துவிடும். ஆனால் அந்தப் பகுதியை மெதுவாக வாசித்தால் ஒன்று தெரியும். ஆகாபு அரசன் தொடக்கத்தில் தவறாக எதுவும் கேட்கவில்லை. இதைவிட நல்ல தோட்டம் தருகிறேன், இல்லையேல் பணம் தருகிறேன் என்றுதான் கேட்டான். இன்றைய மொழியில் சொன்னால் மாற்று நிலம் அல்லது சந்தை விலை. மூதாதையரின் உரிமைச் சொத்தைத் தர முடியாது என்று நாபோத்து மறுத்தார். நிலம் ஆண்டவருடையது, அதை நிரந்தரமாக விற்கக் கூடாது என்ற சட்டம் (லேவி 25:23) அவருடைய மறுப்புக்குப் பின்னால் இருந்தது. அதற்குப் பிறகு நடந்ததுதான் கொடுமை. ஈசபேல் அரச முத்திரையிட்டு மடல்கள் எழுதினாள், ஊர்ப் பெரியவர்கள் கூடினார்கள், சாட்சிகள் இருவர் வந்தார்கள், விசாரணை நடந்தது, தண்டனை நிறைவேறியது. முத்திரை, மடல், அவை, சாட்சி என்று எல்லாமே சட்டப்படி இருந்தன. நாபோத்தின் சொல் மட்டும் எங்கும் பதிவாகவில்லை.

இதற்கு நேர்மாறான நிகழ்வு ஒன்றும் விவிலியத்தில் உண்டு. நாட்டை வாட்டிய கொள்ளைநோய் நீங்கப் பலிபீடம் எழுப்புவதற்காக தாவீது அரசர் எபூசியரான அரவுனாவின் போரடிக்கும் களத்தைத் தேடிப் போகிறார் (2 சாமு 24). இதைவிடப் பெரிய பொது நோக்கம் இருக்க முடியுமா? அரவுனாவும் களத்தையும் மாடுகளையும் இலவசமாகவே தர முன்வருகிறார். தாவீது ஏற்கவில்லை. தமக்குச் செலவில்லாத பலியைத் தம் கடவுளுக்குச் செலுத்த மாட்டேன் என்று சொல்லி, 50 வெள்ளிக்காசு கொடுத்து வாங்குகிறார். அரவுனா யூதர் அல்ல. தோற்கடிக்கப்பட்ட இனத்தைச் சேர்ந்தவர். நினைத்திருந்தால் பறித்திருக்கலாம். ஆனால் அரசரே அவருடைய களத்திற்கு நடந்து போனார். பொது நன்மைக்கான செலவைப் பொதுவில் உள்ளவர்கள் ஏற்க வேண்டும், நிலம் வைத்திருப்பவர் தலையில் கட்டக் கூடாது என்ற நெறி அங்கே இருக்கிறது.

திருச்சபை சொல்வது என்ன?

தனியுரிமைச் சொத்து புனிதமானது, அதை யாரும் தொடக் கூடாது என்று திருச்சபை ஒருபோதும் போதித்ததில்லை. திருத்தந்தை பதிமூன்றாம் சிங்கராயர் 1891-இல் தொழிலாளர் பற்றி எழுதிய சுற்றுமடலில் சொத்துரிமையை உறுதியாக ஆதரித்தார். ஆனால் மண்ணுலகின் நலன்கள் அனைத்தும் எல்லா மனிதருக்கும் உரியவை என்பதே அதைவிட மூத்த நெறி. திருத்தந்தை ஆறாம் பவுல் 1967-இல் எழுதிய 'மக்களினங்களின் முன்னேற்றம்' என்ற சுற்றுமடல், பொது நன்மை கோரும்போது சில பெரும் நிலவுடைமைகளை அரசு எடுத்துக்கொள்ளலாம் என்றே சொல்கிறது. இரண்டாம் வத்திக்கான் சங்கமும் இன்றைய உலகில் திருச்சபை பற்றிய தன் ஏட்டில் இதை ஏற்று, சூழ்நிலைகள் அனைத்தையும் சீர்தூக்கி நேர்மையான ஈடு தரப்பட வேண்டும் என்று வலியுறுத்துகிறது.

இங்கே ஒரு முக்கியமான வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். திருத்தந்தையர் வளைக்கச் சொன்னது யாருடைய சொத்துரிமையை? தேவைக்கு மேல் வைத்திருப்பவர், பயன்படுத்தாமல் தரிசாகப் போட்டிருப்பவர் ஆகியோரின் உரிமையை. ஆனால் நம் நாட்டில் வரைபடத்தில் கோடு இழுக்கப்படும்போது அது பெரும்பாலும் யார் மேல் விழுகிறது? செல்வாக்குள்ளவரின் இடத்திற்கு வந்ததும் கோடு வளைகிறது என்று ஊர்தோறும் மக்கள் சொல்லும் குறையை நாம் கேட்டிருக்கிறோம். இரண்டு ஏக்கர், மூன்று ஏக்கர் வைத்திருப்பவரின் உரிமை மிச்சமான செல்வமல்ல. அது அவருடைய உழைப்பும் உணவும். மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ் 2015-இல் வெளியிட்ட 'இறைவா உமக்கே புகழ்' என்ற சுற்றுமடலில், பராகுவே ஆயர்களின் போதனையை எடுத்துக்காட்டி, குடியிருக்கவும் உழுது பிழைக்கவும் போதிய நிலம் ஒவ்வொரு விவசாயிக்கும் இயல்பான உரிமை என்று வலியுறுத்துகிறார். அதே மடலில், சூழல் ஆய்வு திட்டம் தீட்டிய பிறகு செய்யும் சடங்காக இருக்கக் கூடாது என்றும், விவாதத்தில் உள்ளூர் மக்களுக்குச் சிறப்பான இடம் இருக்க வேண்டும் என்றும் கேட்கிறார். அறிவிக்கை முதலில், அனுமதி பிறகு என்ற நம் நாட்டு வழக்கத்திற்கும் இந்தப் போதனைக்கும் இடையே உள்ள தூரத்தை நாம் மறைக்கத் தேவையில்லை.

கேட்டுப் பெற்ற ஒரு கடற்கரை

கேட்டால் மக்கள் கொடுக்க மாட்டார்கள், அதனால்தான் கேட்பதில்லை என்று சிலர் சொல்வார்கள். அவர்களுக்கு தும்பாவைச் சொல்லலாம். 1960-களின் தொடக்கத்தில் திருவனந்தபுரத்தை அடுத்த அந்தக் கடற்கரையில் இராக்கெட் ஏவுதளம் அமைக்க விக்ரம் சாராபாய் இடம் தேடினார். அங்கே இருந்தவை புனித மகதலா மரியா ஆலயமும் மீனவர் குடியிருப்புகளும். சாராபாய் ஆயர் பீட்டர் பெர்னார்டு பெரைராவைச் சந்தித்தார். ஆயர் உடனே சம்மதம் சொல்லிவிடவில்லை. ஞாயிற்றுக்கிழமை வாருங்கள் என்றார். திருப்பலியில் மக்கள் முன் விஷயத்தை எடுத்துச் சொல்லி, கொடுக்கலாமா என்று கேட்டார். ஆமென் என்று ஆலயமே பதில் சொன்னதாக அப்துல் கலாம் பல மேடைகளில் நெகிழ்ச்சியோடு கூறி வந்தார். 1963 நவம்பர் 21 அன்று அங்கிருந்து முதல் இராக்கெட் பறந்தது. ஆலயக் கட்டடம் இன்று விண்வெளி அருங்காட்சியகமாக இருக்கிறது.

அந்த மீனவர்களுக்கு இராக்கெட் என்றால் என்னவென்று தெரிந்திருக்காது. ஆனால் அவர்களுடைய மொழியில், அவர்கள் நம்பிய ஒருவர், அவர்கள் கூடிய இடத்தில் நின்று கேட்டார். ஆங்கிலத் தாளில் 21 நாள் கெடு வைக்கவில்லை. வீட்டையும் ஆலயத்தையும் விட்டுக்கொடுத்த அவர்களுடைய தியாகத்தை எளிதாகப் பேசிவிடக் கூடாது என்பதும் உண்மையே. ஆயினும் கேட்டுப் பெறுவதற்கும் பறித்துக்கொள்வதற்கும் உள்ள வேறுபாட்டை அந்த மணல் நமக்குச் சொல்லிக்கொண்டே இருக்கிறது.

நாம் செய்ய வேண்டியவை

முதலில், நம் பங்குகளில் இப்படிப்பட்ட தாளோடு யாரேனும் வந்தால் அன்றே அதைப் படித்துச் சொல்ல ஆள் இருக்க வேண்டும். பங்குப் பேரவையில் ஒரு வழக்கறிஞரோ, ஓய்வுபெற்ற வருவாய்த் துறை ஊழியரோ இருந்தால் போதும். கெடு முடிந்த பிறகு சாலை மறியல் செய்வதைவிட, கெடுவுக்குள் ஒரு பக்கம் எழுதி ஒப்புகை வாங்கி வைப்பது வலிமையானது. பொதுவாக எதிர்க்கிறோம் என்று எழுதாமல், என் கிணறு இங்கே இருக்கிறது, என் தென்னை இத்தனை நிற்கின்றன, பத்து மீட்டர் தள்ளி ஓடைப் புறம்போக்கு இருக்கிறது என்று குறிப்பாக எழுத வேண்டும். ஆட்சேபம் கொடுத்தவரை நேரில் கேட்பது குழாய்ச் சட்டத்தின்படி அதிகாரியின் கடமை. அந்தக் கடமை தவறினால்தான் நீதிமன்றத்தில் நமக்கு நிற்க இடம் கிடைக்கும். தொகை குறைவு என்றால் மாவட்ட நீதிபதியிடம் போக வழியுண்டு.

இரண்டாவதாக, பட்டா இல்லாதவர்களை மறக்கக் கூடாது. அந்தத் தோட்டத்தில் களை எடுப்பவர், குத்தகைக்கு உழுபவர், தேங்காய் பறிப்பவர் ஆகியோருக்கு எந்தத் தாளும் வருவதில்லை. அவர்களையும் கூட்டத்தில் உட்கார வைத்துப் பேசுவது நம் கடமை.

மூன்றாவதாக, நம் மனச்சான்றையும் சோதிப்போம். சாலை விரிவாக்கத்தில் நம் ஆலயச் சுற்றுச்சுவர் அடிபடும் என்று தெரிந்தால் மறுநாளே வழக்கறிஞரைப் பார்க்கிறோம். அதே சாலையில் ஒரு பங்கு குடும்பத்தின் வீடு போனால் செபத்தில் நினைத்துக்கொள்வதாகச் சொல்லி அனுப்புகிறோம். நகரத்தில் வாழும் நம் வீட்டு அடுப்புக்கு எரிவாயு குழாயில் வருகிறது; நம் குளிர்சாதனப் பெட்டிக்கு மின்சாரம் கோபுரம் தாண்டி வருகிறது. அந்தக் கோபுரத்தின் கால் யாருடைய வயலில் ஊன்றியிருக்கிறது என்று ஒருமுறையாவது நினைத்ததுண்டா? பொது நன்மையின் பலனை அனைவரும் அனுபவிக்க, அதன் சுமையைச் சிலர் மட்டும் சுமப்பது நன்மையும் அல்ல, பொதுவும் அல்ல.

அந்த விவசாயி ஏழு நாள்களுக்குள் ஆட்சேபம் எழுதிக் கொடுத்தார். நம் பங்கு இளைஞர் ஒருவர் தோட்டத்தின் வரைபடத்தைக் கையால் வரைந்து இணைத்தார். விசாரணைக்கு அழைப்பு வந்தது. பத்து நிமிடம் பேசவிட்டார்கள். கோட்டைத் தோட்டத்தின் வரப்போரமாகத் தள்ளினால் கிணறு தப்பும் என்று அவர் கேட்டார். அதிகாரி குறித்துக்கொண்டார். பதில் இன்னும் வரவில்லை.

கேஸ் போட்டால் ஜெயிக்குமா என்ற கேள்விக்கு நம்மிடம் இன்றும் உறுதியான பதில் இல்லை. ஆனால் விசாரணை முடிந்து வந்த அன்று அவர் சொன்னது நம் நினைவில் நிற்கிறது: "எழுதிக்கிட்டாங்க ஃபாதர். நான் சொன்னத எழுதிக்கிட்டாங்க." நாபோத்துக்குக் கிடைக்காத ஒன்று அவருக்குக் கிடைத்திருக்கிறது. அது முழு நீதி அல்ல. நீதியின் முதல் படி. அந்தப் படியில் எவரும் தனியாக நிற்காதபடி பார்த்துக்கொள்வது திருச்சபையாகிய நம் அனைவரின் பணி. நாபோத்தின் இரத்தம் சிந்தப்பட்ட பிறகுதான் ஆண்டவர் எலியாவை ஆகாபிடம் அனுப்பினார். இன்று நம்மை அவர் அதற்கு முன்பே அனுப்புகிறார். காலம் தாழ்த்தாமல் போவோம்.